ஒரே நாளில் ஐந்து இடம் ஆகாது: சிச்சென் இட்சா பயணக் கட்டுரை குறித்து

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். மெக்சிகோவின் யுகட்டான் தீபகற்பம் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பிதழில் வந்த பயணக் கட்டுரையைப் படித்தேன். கான்கூனில் தனி வண்டியும் வழிகாட்டியும் அமர்த்திக்கொண்டால் சிச்சென் இட்சா, ஏக் பலாம், கோபா என்று மூன்று பழைய மாயா நகரங்களையும் பார்த்து, நடுவே செனோத்தே எனப்படும் இயற்கை நீர்க்கிணறுகள் இரண்டில் குளியலும் போட்டுவிட்டு அன்றைக்கே திரும்பிவிடலாம் என்று அதில் இருந்தது. படங்கள் அருமை. ஆனால் அந்தத் திட்டத்தை நம்பி அமெரிக்காவிலிருந்தும் கனடாவிலிருந்தும் விடுமுறைக்குக் கிளம்பும் நம் குடும்பங்கள் பணத்தையும் இழப்பார்கள், பார்க்க வந்ததையும் பார்க்காமல் போவார்கள். அதனால்தான் சற்று நீளமாகவே எழுதுகிறேன்.

தூரத்தைக் கூட்டிப் பாருங்கள். கான்கூனிலிருந்து சிச்சென் இட்சா ஏறக்குறைய 200 கிலோமீட்டர். 180டி என்ற சுங்க நெடுஞ்சாலையில் போனால் இரண்டரை மணி நேரம். சுங்கம் மிச்சம் என்று பழைய சாலையைப் பிடித்தால் ஊருக்கு ஊர் உயரமான வேகத்தடைகள். இன்னும் ஒரு மணி நேரமாவது கூடும். சிச்சென் இட்சாவிலிருந்து வயதோலித் நகரம் 45 கிலோமீட்டர். அங்கிருந்து வடக்கே ஏக் பலாம் போக அரை மணி, திரும்பி வர அரை மணி. பிறகு தென்கிழக்கே கோபாவுக்கு ஒரு மணி நேரம். கோபாவிலிருந்து துலும் வழியாகக் கான்கூன் வந்து சேர இரண்டு மணி நேரத்துக்கு மேல். மொத்தம் 500 கிலோமீட்டரைத் தாண்டுகிறது. வண்டியில் உட்காரும் நேரம் மட்டும் ஏழு மணி. சிச்சென் இட்சா காலை 8 மணிக்குத் திறந்து மாலை 5 மணிக்கு மூடுகிறது. 4 மணிக்கு மேல் சீட்டுத் தருவதில்லை. மற்ற நகரங்களிலும் இருட்டும் வரை இருக்க முடியாது. ஆக, மூன்று நகரங்களில் இரண்டை ஓட்டமாகத்தான் பார்க்க முடியும். மூன்றாவதன் கதவு சாத்தியிருக்கும்.

ஒரு நாளுக்கு ஒரு நகரம், ஒரு செனோத்தே, நிதானமான ஒரு சாப்பாடு. இதற்கு மேல் எதைச் சேர்த்தாலும் ஏற்கெனவே இருப்பதில் ஒன்று கெடும். தனி வண்டிக்குக் கூடுதலாகக் காசு கொடுப்பதே பேருந்துக் கூட்டம் வருவதற்கு முன்னால் போய் நிற்கத்தான். கான்கூன் விடுதிகளிலிருந்து ஆட்களைப் பொறுக்கிக்கொண்டு கிளம்பும் பெரிய பேருந்துகள் முற்பகல் பாதி கழிந்த பிறகுதான் வந்து சேரும். 8 மணிக்கு உள்ளே போகிறவருக்கும் 11 மணிக்கு உள்ளே போகிறவருக்கும் கிடைப்பது ஒரே சிச்சென் இட்சா அல்ல. முதலாமவருக்கு ஏறக்குறைய ஆளில்லாத புல்வெளியும் சாய்வெயிலும் கிடைக்கும். மற்றவருக்குத் தலைக்கு நேர் மேலே வெயில், எந்தப் படத்திலும் நூறு தலை, காதருகே சிறுத்தை உறுமல் எழுப்பும் மண் ஊதல்களோடு நினைவுப்பொருள் கடைகள். தனி வண்டி எடுத்துவிட்டு 9 மணிக்கு விடுதியில் காலை உணவு முடித்துக் கிளம்புகிறவர்கள் பேருந்திலேயே போயிருக்கலாம்.

கட்டுரையில் விடுபட்ட முக்கியமான ஒன்று கடிகாரம். கான்கூன், துலும், கோபா எல்லாம் கின்தானா ரோ மாநிலத்தில் உள்ளன. சிச்சென் இட்சா, வயதோலித், ஏக் பலாம் யுகட்டான் மாநிலத்தில். கின்தானா ரோ 2015 முதல் கிழக்கு நேரத்தில் இருக்கிறது. யுகட்டான் மைய நேரத்தில் இருக்கிறது. 2022 இல் மெக்சிகோ கோடைக்கால நேர மாற்றத்தையும் கைவிட்டது. எனவே ஆண்டு முழுக்க யுகட்டான் ஒரு மணி நேரம் பின்னால்தான். போகும்போது இது வரம். கான்கூனில் காலை 6 மணிக்குக் கிளம்பினால், வழியில் ஒரு தடவை நிறுத்தினாலும், யுகட்டான் நேரப்படி 7.45 க்குள் வாசலில் நிற்கலாம். திரும்பும்போது அந்த ஒரு மணி நேரம் பறிபோகும்: வயதோலித்தில் 5 மணிக்கு வண்டியில் ஏறினால் கான்கூன் வந்து சேரும்போது அங்கே இரவு 8 மணி. அன்றிரவே விமானம் என்று வைத்துக்கொண்டவர்கள் இதில்தான் மாட்டிக்கொள்கிறார்கள். டிரைவரிடம் நேரம் பேசும்போது எந்த மாநிலத்து நேரம் என்று வாய்விட்டுச் சொல்லிவிடுங்கள். மாநில எல்லையில் கைப்பேசி தானாக மாறிக்கொள்ளும், கைக்கடிகாரம் மாறாது. இரண்டையும் பார்த்துக் குழம்புகிறவர்கள் ஏராளம். இன்னொன்று, சுங்கச் சாலையில் பெட்ரோல் நிலையமும் கழிப்பறையும் மிகக் குறைவு. குழந்தைகளும் பெரியவர்களும் இருந்தால் கான்கூனை விட்டு வெளியேறும் முன்பே வேலையை முடித்துக்கொள்வது நல்லது.

முடிந்தவர்கள் முந்தின நாள் மாலையே வயதோலித் வந்து தங்கிவிடலாம். நான் சொல்வதில் இதுதான் ஆகச் சிறந்த யோசனை. அங்கிருந்து சிச்சென் இட்சா முக்கால் மணி நேரம்தான். நேரக் குழப்பமும் இல்லை. ஊருக்குள்ளேயே, தெருவுக்கு நடுவில், சாசி என்ற செனோத்தே இருக்கிறது. மறுநாள் காலை சிச்சென் இட்சா, மாலை ஏக் பலாம் என்று இரண்டு நகரங்களைப் பார்ப்பதும் அப்போது சாத்தியம். ஏக் பலாமைத் தவறவிடச் சொல்ல எனக்கு மனமில்லை. அங்கே பெரிய கட்டடத்தின் பாதி உயரத்தில், ஓலைக் கூரை நிழலில், ஒரு மிருகத்தின் திறந்த வாயே வாசலாக இருக்கிறது. கீழ் வரிசைப் பற்களைத் தாண்டித்தான் உள்ளே போகவேண்டும் என்பதுபோல அமைத்திருக்கிறார்கள். சுண்ணச் சாந்தில் செய்த சிறகு முளைத்த உருவங்கள் மேலே நிற்கின்றன. ஆயிரத்து இருநூறு ஆண்டு கழிந்தும் விரல்களும் இடுப்புக் கச்சையின் முடிச்சும் தெளிவாகத் தெரிகின்றன. 8 ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆண்ட உகித் கான் லேக் தோக் என்ற அரசனின் கல்லறை அது.

வண்டி பேசும்போது கேட்டு, எழுத்தில் வாங்கவேண்டியவை சில உண்டு. விலை வண்டிக்கா, ஆளுக்கா? சுங்கக் கட்டணம், நுழைவுச் சீட்டு, செனோத்தே கட்டணம், சாப்பாடு இவற்றில் எது சேர்த்தி, எது தனி? இதைவிட முக்கியமாக, டிரைவரே வழிகாட்டியா, வேறு ஆளா? தொல்லியல் வளாகத்துக்குள் விளக்கம் சொல்ல அரசின் சுற்றுலாத் துறை வழங்கிய அடையாள அட்டை உள்ளவருக்குத்தான் உரிமை. அட்டை இல்லாத டிரைவர் வாசலோடு நின்றுவிடுவார். உள்ளே நீங்களாகச் சுற்றவேண்டும், அல்லது வாசலில் இன்னொருவருக்குத் தனியாகப் பணம் கொடுக்கவேண்டும். ‘வழிகாட்டியுடன்’ என்று விளம்பரம் செய்துவிட்டு டிரைவரை மட்டும் அனுப்புவது நடக்கிறது. அட்டையில் மொழியும் செல்லுபடியாகும் தேதியும் இருக்கும்; கேட்டுப் பார்ப்பதில் தவறே இல்லை, முறையான வழிகாட்டி அதைக் கழுத்திலேயே மாட்டியிருப்பார். வழியில் கடைகளில் நிறுத்தக் கூடாது என்பதையும் சேர்த்து எழுதி வாங்குங்கள். கைவினைக் கூடம், ஜேட் கல் பட்டறை என்ற பெயரில் முக்கால் மணி நேரம் போகும். அங்கே டிரைவருக்குக் கமிஷன் உண்டு. காலை நேரத்தில் அப்படிப் போகும் முக்கால் மணி நேரம்தான் பேருந்துகளை உங்களுக்கு முன்னால் கொண்டுபோய் நிறுத்தும்.

சிச்சென் இட்சாவில் சீட்டு இரண்டு. ஒன்று மத்திய அரசின் தொல்லியல் நிறுவனத்துக்கு, மற்றது யுகட்டான் மாநில அரசுக்கு. இரண்டும் சேர்ந்து வெளிநாட்டவருக்கு 600 பேசோவைத் தாண்டிவிட்டது. நம் பணத்தில் ஏறத்தாழ மூவாயிரம் ரூபாய். ஒரு சீட்டை மட்டும் வாங்கிக்கொண்டு வாசலுக்குப் போய்த் திரும்பி வந்து வரிசையில் நிற்பவர்களைத் தினமும் பார்க்கலாம். ஞாயிற்றுக்கிழமை மெக்சிகோ குடிமக்களுக்கு அனுமதி இலவசம். அது அவர்களுடைய உரிமை, நியாயமும்கூட. வெளியூர்க்காரர்கள் வேறு நாளைத் தேர்ந்துகொள்வதே நல்லது. ட்ரோன் கூடாது. கேமரா முக்காலிக்கு முன் அனுமதி வேண்டும். வளாகத்தின் நடுப்பகுதியில் நிழலே கிடையாது. ஏப்ரல், மே மாதங்களில் ஆளுக்கு இரண்டு லிட்டர் தண்ணீரும் அகலமான தொப்பியும் இல்லாமல் போகாதீர்கள்.

உள்ளே நுழைந்ததும் நேராக, இறகுப் பாம்புக் கடவுளான குகுல்கானின் பிரமிடுக்குப் போய்விடவேண்டும், மற்றதெல்லாம் பிறகு. உச்சிக் கோயிலோடு சேர்த்து 30 மீட்டர் உயரம். நான்கு பக்கமும் 91 படி, 364. மேல் மேடையையும் சேர்த்தால் 365. ஒன்பது அடுக்குகளைப் படிக்கட்டு நடுவே பிளப்பதால் ஒரு பக்கத்தில் 18 அடுக்கு வருகிறது. மாயா ஆண்டில் 20 நாள் கொண்ட மாதங்கள் 18, மிச்சம் ஐந்து நாள் தனி. கல்லில் கட்டிய பஞ்சாங்கம் இது. மேலே ஏற அனுமதி நிறுத்தப்பட்டு நெடுநாள் ஆகிறது. கட்டுரையில் ‘உச்சியிலிருந்து காடு தெரியும்’ என்று இருந்தது, அதை நம்பி யாரும் போகவேண்டாம்.

வடக்குப் படிக்கட்டுக்கு நேர் எதிரே சற்றுத் தள்ளி நின்று ஒரே ஒரு முறை பலமாகக் கை தட்டுங்கள். திரும்பி வருவது கைதட்டல் அல்ல, மேலிருந்து கீழே சறுக்கும் ஒரு பறவையின் கீச்சொலி. ஒவ்வொரு படியும் தனித்தனியே எதிரொலியைத் திருப்பி அனுப்புகிறது. கீழ்ப்படிகளின் எதிரொலிகள் நெருக்கமாக முதலில் வருகின்றன; மேல்படிகளிலிருந்து வருபவை இடைவெளி கூடிக்கூடி வருகின்றன. இடைவெளி கூடக்கூடச் சுருதி இறங்குகிறது. மாயா மக்கள் போற்றிய குவெட்சால் பறவையின் குரலோடு இதை ஒப்பிட்டு ஆய்வு செய்திருக்கிறார்கள். 8.15 மணி அமைதியில் இது துல்லியமாகக் கேட்கும். 11 மணிக்கு நூறு பேர் சேர்ந்து தட்டிக்கொண்டிருப்பார்கள், ஒன்றும் விளங்காது.

மார்ச், செப்டம்பரில் பகலும் இரவும் சமமாகும் நாட்களில், மாலை வெயில் வடக்குப் படிக்கட்டின் கைப்பிடிச் சுவரில் முக்கோண ஒளிகளாக விழுந்து, அடியிலிருக்கும் பாம்புத் தலையோடு சேர்ந்து இறங்கும் பாம்பாகத் தெரியும். அன்றைக்குப் பல்லாயிரம் பேர் திரள்வார்கள். அதே ஒளி முன்னும் பின்னும் சில நாட்களுக்கு ஏறக்குறைய அப்படியே விழுகிறது. இரண்டு நாள் முன்னதாகப் போகிறவர் நிம்மதியாகப் பார்க்கலாம்.

அடுத்து பந்தாட்டக் களம். 168 மீட்டர் நீளம், 70 மீட்டர் அகலம். மாயா உலகத்திலேயே பெரியது. சுவரின் அடியில் ஓடும் சிற்ப வரிசையை நின்று பார்க்கவேண்டும். தலை வெட்டப்பட்ட ஆட்டக்காரன் ஒருவன் மண்டியிட்டிருக்கிறான். கழுத்திலிருந்து ரத்தம் பாம்புகளாகப் பீறிடுகிறது. வெட்டியவன் கையில் தலை தொங்குகிறது. பலியானது வென்றவரா தோற்றவரா என்பதில் அறிஞர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. ‘வென்ற அணித் தலைவனைத்தான் வெட்டினார்கள், அது பெருமை’ என்று அடித்துச் சொல்லும் வழிகாட்டியைவிட, இரண்டு கருத்தையும் சொல்லி, சிற்பத்தைக் காட்டி, நம்மை யோசிக்க விடுகிறவர்தான் நல்ல வழிகாட்டி. ஆளை எடைபோட இது ஒன்றே போதும்.

அங்கிருந்து வடக்கே பழைய வெண்பாதை வழியாகச் சில நிமிடம் நடந்தால் புனித செனோத்தே. சுமார் 60 மீட்டர் விட்டம், செங்குத்தான சுவர், அடியில் பச்சைத் தண்ணீர். இதில் யாரும் இறங்கக் கூடாது. 1904 முதல் அமெரிக்கர் எட்வர்ட் தாம்சன் இதன் அடியைத் தூர்வாரி எடுத்த தங்கத் தகடு, ஜேட், குங்கிலியம், எலும்பு எல்லாம் பெரும்பாலும் ஹார்வர்டு பல்கலைக்கழக அருங்காட்சியகத்துக்குப் போயின. ஒரு பகுதிதான் மெக்சிகோவுக்குத் திரும்பியது. ‘கன்னிப் பெண்களைத் தள்ளிய கிணறு’ என்று தங்கள் கட்டுரையும் எழுதிவிட்டது. கிடைத்த எலும்புகளில் ஆண்களும் சிறுவர்களும் நிறையவே உண்டு. இந்தக் கிணற்றுக்கு அருகே ஒரு நிலத்தடித் தொட்டியில் 1967 இல் கிடைத்த குழந்தைகளின் எலும்புகளை மரபணுவழி ஆராய்ந்து 2024 இல் முடிவு வெளியிட்டார்கள். சோதித்த 64 பேரும் ஆண் குழந்தைகள். அவர்களில் இரண்டு சோடி ஒத்த இரட்டையர். பழைய கதையைத் திருப்பிச் சொல்லும் காலம் போய்விட்டது. தெற்குப் பகுதியில் இருக்கும் வட்ட வடிவ வான் நோக்கு மண்டபத்தையும் பார்த்துவிட்டு 11 மணிக்குள் வெளியே வந்துவிடுங்கள். அப்போதுதான் பேருந்துகள் உள்ளே வந்துகொண்டிருக்கும்.

இனி நீர். யுகட்டானின் வடபாதியில் ஓடும் ஆறு கிடையாது. நிலம் முழுக்கச் சுண்ணாம்புக் கல். பெய்யும் மழை நேராக உள்ளே இறங்கி, குகைகள் வழியே கடலை நோக்கி நகர்கிறது. குகையின் கூரை எங்கே இடிந்து விழுகிறதோ அங்கே ஒரு செனோத்தே. 6.6 கோடி ஆண்டுகளுக்கு முன் விழுந்த விண்கல்லின் பள்ளம் சிக்சுலூப் என்ற ஊரை மையமாகக் கொண்டு மண்ணுக்கடியில் புதைந்திருக்கிறது. அதன் விளிம்பைச் சுற்றிச் செனோத்தேகள் வளையமாக அமைந்துள்ளன. நகரங்கள் எழுந்ததும் இந்தத் தண்ணீரை ஒட்டித்தான். செனோத்தே இல்லாத ஊஷ்மால் என்ற மாயா நகரத்தில் மழைநீரைப் பிடிக்க நிலத்தடித் தொட்டிகளை வெட்டினார்கள். அங்கே கட்டடம் கட்டடமாக மழைக் கடவுள் சாக்கின் வளைந்த மூக்கு நீட்டிக்கொண்டிருப்பது சும்மா அல்ல.

எந்தச் செனோத்தேக்குப் போவது என்பது நேரத்தைப் பொறுத்தது. சிச்சென் இட்சாவுக்கு மூன்று கிலோமீட்டரில் இருக்கும் இக் கில் அழகானதுதான்: தரையிலிருந்து 26 மீட்டர் கீழே நீர், மேலிருந்து கொடிகளின் வேர்கள் தொங்கும். ஆனால் பேருந்துகளெல்லாம் மதியம் அங்கேதான் வந்து நிற்கும். அந்த நேரத்துக்கு மேற்கே யோக்சோனோத் கிராமத்துக்குப் போகலாம். அந்த ஊர்ப் பெண்கள் கூட்டுறவாகச் சேர்ந்து செனோத்தேயைத் துப்புரவாக்கி, தாங்களே நடத்துகிறார்கள். கொடுக்கும் காசு ஊருக்குள்ளேயே நிற்கும், சாப்பாடும் அவர்கள் கையால். வயதோலித் அருகே சமுலா, சுய்துன் போன்றவை முழுக் குகை. கூரையில் ஒரு துளை வழியாக ஒற்றை ஒளிக்கற்றை நீரில் இறங்கும். அந்தப் படத்துக்காகவே போகிறவர்கள் சூரியன் உச்சியை ஒட்டி இருக்கும் நேரத்தில் போகவேண்டும். மூன்று மணிக்குப் போய் ஒளி எங்கே என்று தேடுவதில் பயனில்லை. மேகமூட்டமான நாளிலும் கிடைக்காது.

குளிக்கும் முன் உடம்பைச் சோப்பில்லாமல் நன்றாகக் கழுவவேண்டும். எங்கும் ஷவர் வைத்திருப்பார்கள். வெயில் கிரீம், கொசு விரட்டி, தலை எண்ணெய், வாசனைத் தைலம் எதுவும் உடம்பில் இருக்கக் கூடாது. ‘மக்கும் வகை’ என்று எழுதிய கிரீமையும் பல இடங்களில் அனுமதிப்பதில்லை, அது சரிதான். கடலில் அலை அடித்துக்கொண்டு போய்விடும். இங்கே நீர் மெல்ல நகர்கிறது. பூசியது மேலே படலமாக நிற்கும். ஆகவே காலையில் சிச்சென் இட்சாவுக்குக் கிரீம் பூசாமல், முழுக்கைச் சட்டையும் தொப்பியுமாகப் போய்விட்டால் இரண்டு வேலையும் முடியும். தேங்காய் எண்ணெய் வைத்துப் பின்னிய தலையோடு பிள்ளைகளை இறக்கும் நம்மவர்களுக்கு இதைக் குறிப்பாகச் சொல்கிறேன்.

நீச்சல் தெரியாதவர்களும் இறங்கலாம், பயமில்லை. ஆனால் எதில் இறங்குகிறோம் என்று தெரிந்திருக்கவேண்டும். கடற்கரைபோல் மெல்ல ஆழம் கூடுவது இங்கே கிடையாது. ஏணியின் கடைசிப் படியை விட்டால் கால் எட்டாது. இக் கில்லில் ஆழம் 40 மீட்டருக்கு மேல். நன்னீர் என்பதால் கடலில் மிதப்பதுபோல உடல் மிதக்காது. கடலில் தைரியமாக நீந்துகிறவர்களே இங்கே சீக்கிரம் களைத்துப்போகிறார்கள். தண்ணீர் ஆண்டு முழுக்க 24, 25 பாகைதான். வெயிலில் வெந்துவிட்டுச் சட்டென்று குதித்தால் மூச்சு ஒரு கணம் அடைக்கும். ஏணியில் மெதுவாக இறங்கி, முகத்தையும் நெஞ்சையும் நனைத்துக்கொண்டு நீரில் விழுவதே முறை. லைஃப் ஜாக்கெட் வாங்கும்போது பட்டைகள் எல்லாம் இருக்கின்றனவா என்று இழுத்துப் பாருங்கள். மாட்டிய பிறகு தோள்பட்டையைப் பிடித்து மேலே தூக்கினால் ஜாக்கெட் காது வரை ஏறக் கூடாது. ஏறினால் நீரில் முகவாயை மூடிக்கொள்ளும். சிறுபிள்ளைகளின் அளவு எல்லா இடத்திலும் கிடைப்பதில்லை. சொந்தமாகக் கொண்டுபோவது நல்லது. நீரின் குறுக்கே கயிறு கட்டியிருப்பார்கள். களைத்தால் அதைப் பிடித்து நிற்கலாம்.

நம் பெண்கள் பருத்திச் சல்வாரோடு இறங்குவதுண்டு. பருத்தி நீரைக் குடித்துக் கனக்கும். துப்பட்டா ஜாக்கெட் கொக்கியில் சிக்கும். முழுக்கை நீச்சல் மேல்சட்டையும் லெக்கிங்ஸும் உடம்பையும் மூடும், பாரமும் இல்லை. மரப்படிகள் எப்போதும் பாசி பிடித்து வழுக்கும், ரப்பர் அடி வைத்த நீர்ச்செருப்பு வேண்டும். முழங்கால் வலி உள்ள பெரியவர்களை அழைத்துப் போகிறவர்கள் எத்தனை படி, கைப்பிடி உண்டா என்று முன்பே கேளுங்கள்; 26 மீட்டர் இறங்குவது ஏறக்குறைய எட்டு மாடி, திரும்பி ஏறவும் வேண்டும். காலருகே கறுப்புக் கெளுத்தி மீன்கள் உரசிப் போகும், கடிக்காது. கூரையில் தொங்கும் சுண்ணாம்பு விழுதுகளைக் கையால் தொடாதீர்கள். கைப்பசை பட்ட இடத்தில் அதன் வளர்ச்சி நின்றுபோகும். சுவர்ப் பொந்துகளில் தோ என்ற நீலப்பறவை கூடு வைக்கும். வாலின் நுனியில் இரண்டு இறகு மட்டும் தட்டையாக விரிந்து, ஊசல்போல இடமும் வலமும் ஆடும். அது தென்பட்டால் அருகே நீர் உண்டு என்பது அந்த ஊர்க்காரர்களின் அனுபவம்.

கிரீம் விஷயத்தை இவ்வளவு சொல்லக் காரணம் இருக்கிறது. இந்த நிலத்தடி நீர் ஒன்றோடொன்று தொடர்புள்ளது. துலும் பக்கம் சாக் அக்துன் என்ற நீர்க்குகை 340 கிலோமீட்டருக்கு மேல் நீள்வதாக 2018 இல் முக்குளிப்பவர்கள் கண்டறிந்தார்கள். மக்கள் குடிப்பதும் இதே நீர். போய்ச் சேர்வதும் கரீபியப் பவளப்பாறைக் கரைக்கு. ஹோமூன் என்ற மாயா ஊரில் 49,000 பன்றிகளுக்கான பண்ணை வந்தபோது, செனோத்தேகள் கெட்டுவிடும் என்று ஊர்மக்கள் வழக்குப் போட்டார்கள். 2018 இல் நீதிமன்றம் பண்ணையை நிறுத்திவைத்தது. அவர்கள் இப்படிப் போராடிக் காக்கும் தண்ணீரில் இரண்டு மணி நேரம் விருந்தாளியாக இறங்குகிறவர் உடம்பைக் கழுவிக்கொண்டு இறங்குவது குறைந்தபட்ச மரியாதை.

சாப்பாட்டில் சைவர்கள் கவனிக்கவேண்டியது: கறுப்பு அவரைக் கூழைப் பன்றிக் கொழுப்பில் தாளிப்பார்கள், சோற்றைக் கோழிச் சாற்றில் வேகவைப்பார்கள், எலுமிச்சை சூப்பும் கோழிச் சாறுதான். ஸ்பானிய மொழியில் ‘சின் கார்னே’ என்று சொன்னால் இறைச்சி மட்டும்தான் விலகும். ‘சின் மான்தேகா, சின் கால்தோ தே போயோ’ என்று கொழுப்பும் கோழிச் சாறும் வேண்டாம் என்பதையும் சேர்த்துச் சொல்லவேண்டும். பூசணி விதையும் தக்காளியும் அரைத்த சிகில் பாக் நம் துவையல் ருசிக்கு நெருங்கி வரும். முட்டை சாப்பிடுகிறவர்களுக்குப் பாபட்சூலேஸ் என்ற முட்டை அடைத்த சோளரொட்டி உண்டு. மேசையில் தனியே வைக்கும் அபனேரோ மிளகாய்ச் சாறு காரத்துக்குப் பழகிய நாக்கையும் பதம் பார்க்கும், சொட்டாக விட்டுப் பாருங்கள். கிராமத்துச் செனோத்தேகளில் அட்டை செல்லாது. சில்லறை பேசோ வேண்டும், டாலர் கொடுத்தால் மாற்று விலையில் நட்டம். இந்தியக் கடவுச்சீட்டு உள்ளவர்களுக்கு மெக்சிகோ விசா தேவை. செல்லுபடியாகும் அமெரிக்க, கனடா, பிரிட்டன், ஜப்பான், ஷெங்கன் விசா கையில் இருந்தால் அதுவே போதும். ஜூன் முதல் நவம்பர் வரை புயல் பருவம். முன்பணம் கட்டும்போது புயல் எச்சரிக்கை வந்தால் திருப்பித் தருவார்களா என்று கேட்டுவிடுங்கள்.

கடைசியாக ஒரு திருத்தம். கட்டுரையின் தலைப்பிலேயே ‘மறைந்துபோன மாயா இனம்’ என்று போட்டிருந்தீர்கள். யுகட்டான் தீபகற்பத்தில் மட்டும் இன்று ஏழு லட்சத்துக்கு மேற்பட்டோர் மாயா மொழி பேசுகிறார்கள். 1562 இல் மானி என்ற ஊரில் பாதிரியார் தியேகோ தே லாந்தா அவர்களுடைய ஏடுகளை எரித்தார். 1847 இல் அவர்கள் ஆள்வோருக்கு எதிராக எழுந்து அரை நூற்றாண்டு போராடினார்கள். உங்கள் வண்டியை ஓட்டுகிறவர், சீட்டுக் கிழிப்பவர், யோக்சோனோத்தில் ஜாக்கெட் எடுத்துக் கொடுக்கும் பெண் என்று அன்றைக்கு நீங்கள் சந்திக்கப்போகும் பலரும் மாயாக்களே. அடுத்த இணைப்பிதழில் தலைப்புக்கும், பிரமிடில் ஏறலாம் என்ற வரிக்கும், ஒரே நாளில் ஐந்து இடம் என்ற கால அட்டவணைக்கும் திருத்தம் வெளியிடுமாறு கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
தங்கள் வாசகர்,
மெரிதா, யுகட்டான், மெக்சிகோ